நிலவொளி வனைந்த கலைஞர்

நுழையும்முன்

திரைப்படம் காண்போர் நடிகரின் முகத்தை நினைவில் கொள்கின்றனர். பாடலை மனத்தில் இருத்துகின்றனர். உரையாடலை மீண்டும் மீண்டும் சொல்லி மகிழ்கின்றனர். அம்முகத்தின்மீது விழுந்த ஒளியை எவரும் தனியே எண்ணுவதில்லை. அவ்வொளி இல்லையேல் முகமும் இல்லை, காட்சியும் இல்லை. தாம் திரையில் தோன்றாமல், தோன்றுவோர் அனைவரையும் நமக்குக் காட்டியவர்கள் ஒளிப்பதிவாளர்கள். தென்னிந்தியத் திரையுலகில் ஒளியால் கதை சொல்லிவந்த மார்கஸ் பார்ட்லியின் வாழ்க்கையை இப்பாடம் எடுத்துரைக்கிறது.

கழிமுகத்தில் நிலாக்காலம்

திருவள்ளூர் மாவட்டத்தின் வடகிழக்கே பழவேற்காடு ஏரியும் வங்கக் கடலும் ஒன்றையொன்று தழுவிக் கிடக்கின்றன. ஒருபுறம் ஏரி, மறுபுறம் கடல் என நீண்டு செல்லும் நிலப்பகுதியில் லைட்ஹவுஸ் குப்பம் என்னும் மீனவர் ஊர் உள்ளது. கடலில் செல்வோருக்கு வழிகாட்ட எழுப்பப்பட்ட கலங்கரை விளக்கமே இவ்வூருக்குப் பெயர் தந்தது. நிறைநிலா நாளில் இவ்வூரின் நீர்ப்பரப்பு முழுவதும் வெள்ளியை உருக்கி வார்த்தாற்போல் மின்னும். வலையெடுத்துச் செல்வோர்க்கு இவ்வொளி நன்கு பழகியது. நிலவுக்கு எதிரே அமர்ந்திருப்பவர் முகம் தெளிவாய்த் தெரியும். நிலவைப் பின்னே கொண்டு அமர்ந்திருப்பவர் முகமோ இருண்டு, தலைமுடியின் ஓரமும் தோளின் விளிம்பும் மட்டும் வெள்ளிக் கோடாய் ஒளிரும். துடுப்பு எழும்போது அதினின்று சொட்டும் ஒவ்வொரு துளியும் ஒரு கணம் மின்னி மறையும்.

கண்ணுக்கு இத்தனை இனிய இக்காட்சியை அக்காலத் திரைப்படக் கருவியால் உள்ளவாறே பதிவுசெய்ய இயலாது. நிறைநிலவின் ஒளி, கதிரவனின் ஒளியைவிட ஏறத்தாழ நான்கு இலட்சம் மடங்கு குறைவானது. 1950களில் பயன்பட்ட படச்சுருளுக்கு அவ்வளவு சிறிய ஒளியை உணரும் ஆற்றல் இல்லை. நிலவொளியில் கருவியை முடுக்கினால் சுருளில் எஞ்சுவது வெறும் கருமையே.

ஆயினும், 1957ஆம் ஆண்டு வெளிவந்த மாயா பஜார் திரைப்படத்தில் நிலவொளியில் மிதக்கும் படகில் அபிமன்யுவும் வத்சலாவும் பாடிச் செல்லும் காட்சியைக் கண்டோர், அது நிறைநிலா நாளொன்றில் நீர்நிலையில் எடுக்கப்பட்டது என்றே நம்பினர். லைட்ஹவுஸ் குப்பத்திற்குத் தெற்கே, அதே கடற்கரையோரம் அமைந்த எண்ணூரில் பதிவு செய்யப்பட்ட பகுதி சில நொடிகளே என்பர். எஞ்சியவை யாவும் சென்னை வடபழனியின் படப்பிடிப்புத் தளத்தினுள், மின்விளக்குகளின் துணையோடு உருவானவை. அங்கே ஒளிர்ந்த நிலவை வனைந்தவர் மார்கஸ் பார்ட்லி.

ஏற்காட்டிலிருந்து பம்பாய்க்கு

மார்கஸ் பார்ட்லி 1917ஆம் ஆண்டு சேர்வராயன் மலைமேல் உள்ள ஏற்காட்டில் ஆங்கிலோ இந்தியக் குடும்பத்தில் பிறந்தார். காலையில் பனிமூட்டம், நண்பகலில் இலைகளினூடே இறங்கும் வெயில், மாலையில் மலைச்சரிவில் நீளும் நிழல் என ஒரே நாளில் பலவகை ஒளியைக் காட்டும் ஊர் ஏற்காடு. இளமையிலேயே ஒளிப்படக் கலையில் நாட்டம் கொண்ட பார்ட்லி, பம்பாயில் டைம்ஸ் ஆஃப் இந்தியா நாளிதழில் ஒளிப்படக்காரராகச் சேர்ந்தார். பின்னர் பிரிட்டிஷ் மூவிடோன் நிறுவனத்திற்காகச் செய்திப்படங்கள் எடுக்கும் பணியை மேற்கொண்டார்.

தொலைக்காட்சி இல்லாத அக்காலத்தில் உலக நிகழ்ச்சிகளை அசையும் படங்களாக மக்கள் கண்டது திரையரங்குகளில்தான். முழுநீளப் படம் தொடங்குமுன் சில நிமிடச் செய்திப்படம் காட்டப்படும். அதனை எடுப்பவருக்கு இரண்டாம் வாய்ப்பு என ஒன்றில்லை. ஊர்வலம் கடந்துபோனால் மீண்டும் வாராது; தலைவர் கையசைத்தது முடிந்தால் முடிந்ததுதான். வெயில் எத்திசையினின்று வீழ்கிறது, மேகம் எப்போது மறைக்கும், எங்கு நின்றால் கூட்டத்தின் முகங்கள் தெளிவாகும் என்பனவற்றை ஒரு நொடியில் கணித்தல் வேண்டும். ஒளியை முதலில் கண்ணால் அளந்து, பிறகே கருவியால் அளக்கும் பழக்கத்தை இப்பணி வளர்க்கும். பிற்காலத்தில் படப்பிடிப்புத் தளத்தின் செயற்கை ஒளியில் பார்ட்லி ஆக்கிய காட்சிகள் இயற்கையாய்த் தோன்றியதற்கு, திறந்தவெளியில் இயற்கை ஒளியோடு அவர் பழகிய ஆண்டுகளே அடிப்படை எனலாம்.

சென்னைத் திரையுலகில்

1940களில் தென்னிந்தியத் திரைத்தொழிலின் தலைமையிடமாகச் சென்னை விளங்கியது. தமிழ், தெலுங்கு, மலையாளம், கன்னடம் ஆகிய மொழிப்படங்கள் பலவும் இந்நகரின் தளங்களிலேயே உருவாயின. பி.என். ரெட்டி இயக்கி 1945இல் வெளிவந்த சொர்க்கசீமா என்னும் தெலுங்குப் படத்தின் ஒளிப்பதிவாளராகப் பார்ட்லி கவனம் பெற்றார். தொடர்ந்து 1949இல் குணசுந்தரி கதா வெளிவந்தது.

1947இல் நாடு விடுதலை பெற்றபின், ஆங்கிலோ இந்தியர் பலர் இங்கிலாந்து, ஆஸ்திரேலியா முதலிய நாடுகளுக்குக் குடிபெயர்ந்தனர். பார்ட்லி தம் தொழில்வாழ்வைச் சென்னையிலேயே வேரூன்றச் செய்தார். அவர் பணியாற்றிய படங்கள் தெலுங்கில் பேசின, தமிழில் பாடின, மலையாளத்தில் அழுதன, இந்தியில் சிரித்தன. இவற்றுள் எதுவும் அவருடைய வீட்டுமொழி அன்று. நடிகர் சொல்லும் சொல்லின் உணர்வுக்கு ஏற்ப எங்கே ஒளி கூடவேண்டும், எங்கே நிழல் விழவேண்டும் என்பதை அறிந்து செயற்பட்டமையே மொழி கடந்த அவரது வெற்றிக்குக் காரணமாயிற்று.

நாகிரெட்டியும் சக்கரபாணியும் இணைந்து நிறுவிய விஜயா நிறுவனம் 1950இல் சௌகார் என்னும் படத்தை வெளியிட்டது. அதன் ஒளிப்பதிவாளராகத் தொடங்கிய பார்ட்லி, அந்நிறுவனத்தின் புகழ்பெற்ற படங்கள் பலவற்றுக்குத் தொடர்ந்து பணியாற்றினார். கே.வி. ரெட்டி இயக்கத்தில் 1951இல் பாதாள பைரவி வெளிவந்தது. 1952ஆம் ஆண்டு இந்தியாவில் நடந்த முதல் பன்னாட்டுத் திரைப்பட விழாவில் தென்னகத்திலிருந்து திரையிடப்பட்ட படம் இது. மந்திரவாதியின் குகையில் அச்சமூட்டும் இருளும், அரண்மனையில் கண்கூசும் ஒளியும் எனக் கதைக்களம் மாறுந்தோறும் ஒளியின் இயல்பும் மாறுவதை இப்படத்தில் காணலாம்.

ஓர் ஒளி, இரு மொழி

அக்காலத்தில் ஒரே கதையைத் தமிழிலும் தெலுங்கிலும் ஒருங்கே படமாக்கும் வழக்கம் இருந்தது. எல்.வி. பிரசாத் இயக்கத்தில் 1955இல் வெளிவந்த மிஸ்ஸியம்மா இவ்வகையைச் சேர்ந்தது. தெலுங்கில் என்.டி. ராமாராவ் ஏற்ற பாத்திரத்தைத் தமிழில் ஜெமினி கணேசன் ஏற்றார். இரு மொழிகளிலும் நாயகி சாவித்திரியே.

இம்முறை ஒளிப்பதிவாளருக்கு இரட்டைச் சுமையாகும். ஒரு மொழிக்குரிய காட்சி முடிந்ததும் மற்றொரு மொழிக்குரிய நடிகர் வந்து நிற்பார். அவருடைய உயரம் வேறு. முகத்தின் அமைப்பு வேறு. நடையின் வேகமும் வேறு. ஒரே அரங்கமாயினும் விளக்குகளைப் புதியவருக்கேற்பத் திருத்தவேண்டும். அதே வேளையில் காட்சியின் உணர்வு மாறாதிருக்கவும் வேண்டும். மிஸ்ஸியம்மாவில் நிலவை அழைத்துப் பாடும் காட்சியில், கணவன் மனைவியராய் நடிக்க உடன்பட்ட இருவரிடையே உள்ள ஊடலும் மெல்லத் தோன்றும் அன்பும் ஒருங்கே புலப்படும். முகத்தில் மென்மையாய்ப் படர்ந்தும் பின்புலத்தில் அடங்கியும் நிற்கும் ஒளி, சொல்லால் சொல்லப்படாத அவ்வன்பைக் காண்போர்க்கு உணர்த்திவிடுகிறது.

நிலவொளியின் நுட்பம்

தளத்தினுள் ஒளியமைப்போர் பொதுவாக மூன்று வகை விளக்குகளைப் பயன்படுத்துவர். நடிகரின் முகத்தை முதன்மையாய்க் காட்டுவது முதன்மை ஒளி. அதனால் விழும் நிழலின் கடுமையைத் தணிப்பது நிரப்பொளி. நடிகருக்குப் பின்னிருந்து வீழ்ந்து, உருவத்தைப் பின்புலத்தினின்று பிரித்துக் காட்டுவது பின்னொளி. பகற்காட்சியில் முதன்மை ஒளி ஓங்கியிருக்கும். நிலவுக் காட்சியிலோ பின்னொளியே ஆட்சி செய்யவேண்டும். லைட்ஹவுஸ் குப்பத்து மீனவர் நிலவிரவில் காணும் வெள்ளிக்கோடு இப்பின்னொளியின் இயற்கை வடிவமேயாகும்.

நீர்ப்பரப்பிலும் இதுவே விதி. ஒளி முன்னிருந்து விழுந்தால் நீர் ஒளியற்றுத் தட்டையாய்த் தோன்றும். எதிரிலிருந்து தாழ்வாய் வந்தால் சிற்றலை ஒவ்வொன்றும் மின்னும். கறுப்பு வெள்ளைப் படத்தில் வண்ணத்தின் துணையும் இல்லை. தூய வெண்மைக்கும் முழுக் கருமைக்கும் இடையிலுள்ள சாம்பல் நிறப் படிநிலைகள் மட்டுமே ஒளிப்பதிவாளரின் வண்ணக் கலவை. முகத்தை மிகுதியாய் ஒளியூட்டினால் இரவு கெடும். குறைத்தால் நடிப்பு மறையும். மாயா பஜாரின் படகுக் காட்சியில் இரவும் கெடவில்லை. சாவித்திரியின் கண்களில் தெரியும் நாணமும் மறையவில்லை. அவ்விரண்டையும் ஒருசேரக் காத்ததே பார்ட்லியின் திறம். அறுபது ஆண்டுகளுக்கு மேலாகியும் அக்காட்சி பேசப்படுவதற்கு இச்சமநிலையே காரணம்.

தெரிந்து தெளிவோம்
பகலை இரவாக்கல்: வெளிப்புற இரவுக் காட்சிகளைப் பகலிலேயே எடுக்கும் முறையொன்று கறுப்பு வெள்ளைக் காலத்தில் இருந்தது. கருவியின் துளையைச் சுருக்கிக் குறைந்த ஒளியை உட்செலுத்துவர். வில்லையின் முன் சிவப்பு வடிகட்டியைப் பொருத்துவர். அது வானத்தின் நீல ஒளியைத் தடுப்பதால் வானம் கருமையாய்ப் பதிவாகும். கதிரவனையே பின்னொளியாகக் கொண்டு படமெடுத்தால், திரையில் அது நிலவின் ஒளியாய்த் தோன்றும்.

மாயத்தின் பின்னுள்ள கணக்கு

மாயா பஜார் கணினி வரைகலை தோன்றுவதற்குப் பல்லாண்டுகளுக்கு முன் உருவான படம். கே.வி. ரெட்டி இயக்கிய இப்படத்தில் துவாரகை நகரம் விண்ணிலிருந்து காட்டப்படுகிறது. அன்புக்குரியவரைக் காட்டும் பேழையொன்று திறக்கிறது. திருமணச் சமையற்கூடத்தில் கடோற்கசனாக வரும் எஸ்.வி. ரங்காராவ் பேருருக் கொண்டு பண்டங்களை எல்லாம் விழுங்குகிறார். இலட்டுகள் தாமாகவே எழுந்து அவர் வாய்க்குள் செல்வதைக் கண்டு குழந்தைகள் இன்றும் கைதட்டுகின்றனர்.

இத்தகைய காட்சிகளுக்கு அக்காலத் தொழில்நுட்பம் சில வழிகளையே தந்தது. நகரையும் மாளிகையையும் சிறு உருவங்களாகச் செய்து, கருவியைத் தக்க கோணத்தில் வைத்துப் பெரியனவாய்க் காட்டலாம். படச்சுருளின் ஒரு பகுதியை மறைத்து மறுபகுதியில் ஒரு காட்சியைப் பதிவு செய்து, பின் சுருளைத் திருப்பி மறைத்த பகுதியில் வேறொன்றைப் பதிவு செய்யலாம். கருவியை நிறுத்தி ஒரு பொருளை அகற்றிவிட்டு மீண்டும் இயக்கினால் அப்பொருள் மறைந்ததாய்த் தோன்றும். பின்னோக்கிச் சுழற்றினால் கீழே விழுந்தது மேலே எழும்.

கேட்பதற்கு எளிய இம்முறைகள் செய்வதற்கு அரியவை. இருமுறை பதியும் காட்சியில் விளக்கு ஒன்று சற்றே நகர்ந்தாலும் இரு பாதிகளின் ஒளியும் பொருந்தாது, இணைப்பு வெளிப்பட்டுவிடும். கருவி மயிரிழை அசைந்தாலும் அனைத்தும் வீணாகும். எடுத்த காட்சி எவ்வாறு வந்துள்ளது என்பதை உடனே காணும் வசதியும் அன்று இல்லை. சுருளைக் கழுவி, படி எடுத்துத் திரையிட்ட பின்னரே உண்மை தெரியும். எனவே படமாகாத காட்சியை முன்னதாகவே மனக்கண்ணால் காணும் ஆற்றல் ஒளிப்பதிவாளருக்குத் தேவையாயிற்று. பார்ட்லியின் மாயம் மந்திரத்தால் வந்ததன்று. அளவினாலும் பொறுமையினாலும் வந்தது.

மாயா பஜாரின் தெலுங்கு வடிவம் 2010ஆம் ஆண்டு கணினியின் துணையால் வண்ணமூட்டப்பட்டு மீண்டும் வெளியாயிற்று. ஆடைக்கும் அணிக்கும் புதிய நிறம் வந்தது. ஒளி எங்கிருந்து வரவேண்டும், நிழல் எங்கு விழவேண்டும் என்பவற்றை மட்டும் எவரும் மாற்றவில்லை. 1957இல் பார்ட்லி வகுத்த வண்ணமே அவை நின்றன.

கடலை நோக்கி

படப்பிடிப்புத் தளத்தில் ஒளிப்பதிவாளர் விரும்பிய இடத்தில் நிலவு நிற்கும். விரும்பிய திசையில் கதிரவன் உதிக்கும். இவ்வாறு ஒளியைத் தம் ஆணைக்குள் வைத்திருந்த கலைஞர், எவர் ஆணைக்கும் அடங்காத கடலின் முன்னே சென்று நின்றார். தகழி சிவசங்கரப் பிள்ளையின் செம்மீன் என்னும் மலையாளப் புதினத்தை இராமு காரியாட் திரைப்படமாக்க முனைந்தபோது ஒளிப்பதிவுப் பொறுப்பு பார்ட்லியிடம் வந்தது. திருச்சூர் மாவட்டத்தின் நாட்டிகைக் கடற்கரை களமாயிற்று. படமும் வண்ணப்படம்.

கடலோரத்தில் ஒளி ஒரு நிலையில் நிற்பதில்லை. காலையில் பொன்னிறமாயுள்ள மணல் நண்பகலில் கண்ணைப் பறிக்கும் வெண்மையாகும். மேகம் கடந்தால் நீலக்கடல் ஈயநிறமாகும். ஒரே உரையாடலின் முற்பகுதியை வெயிலிலும் பிற்பகுதியை மேகநிழலிலும் எடுத்தால், திரையில் அவை இருவேறு நாள்களாய்த் தோன்றும். உப்புக்காற்று வில்லையில் படிந்து காட்சியை மங்கச் செய்யும். மணல் கருவியினுள் புகும். மீனவரின் மாநிற முகத்தையும் அவர்க்குப் பின்னே தகதகக்கும் நீரையும் ஒரே காட்சியில் தெளிவாய்க் காட்டுவது வண்ணச்சுருளுக்கு எளிதன்று. முகத்திற்கு ஒளியளவை அமைத்தால் கடல் வெளிறும். கடலுக்கு அமைத்தால் முகம் இருளும். இளமையில் செய்திப்படங்கள் தந்த விரைவுக் கணிப்பும், தளத்தில் பெற்ற நுண்மையும் இங்கே ஒன்றுசேர வேண்டியிருந்தது.

செம்மீன், மீனவர் குடியில் பிறந்த கருத்தம்மாவின் துயரக்கதை. கரையில் உள்ள மனைவியின் கற்பே கடலில் உள்ள கணவனைக் காக்கும் என்ற நம்பிக்கை கதையின் அடித்தளம். எனவே கடல் இங்கே வெறும் பின்புலம் அன்று. வாழ்வளிக்கும் தாயாகவும் தண்டிக்கும் தெய்வமாகவும் விளங்கும் பாத்திரம். நடிகருக்கு ஒளியமைப்பதுபோல் கடலுக்கும் ஒளி காண வேண்டியதாயிற்று. படகுகள் புறப்படும் காலையின் நம்பிக்கை, மீன் குவியும் கரையின் ஆரவாரம், காதலர் பிரியும் இரவின் தனிமை, இறுதியில் எல்லாம் முடிந்த கரையின் வெறுமை ஆகிய நிலைகள் தோறும் கடலின் முகம் வேறாய்த் தெரிவதைப் படம் காட்டுகிறது. கடலோர மக்களின் உழைப்பையும் நம்பிக்கையையும் அவர்தம் மணலில் நின்றே காட்டிய படம் என்னும் சிறப்பு இதற்கு உண்டு. பழவேற்காட்டு மீனவர் கண்டாலும், காற்றைப் பார்த்துப் படகு தள்ளும் அக்கணத்தைத் தம்முடையதென்றே உணர்வர்.

1965ஆம் ஆண்டின் சிறந்த திரைப்படத்திற்கான குடியரசுத் தலைவரின் தங்கப்பதக்கம் செம்மீனுக்குக் கிடைத்தது. தென்னிந்தியப் படமொன்று அப்பதக்கத்தைப் பெற்றது அதுவே முதன்முறை.

தமிழ்ப்படத்திற்குக் கிடைத்த பெருமை

1967இல் வெளிவந்த ராம் அவுர் ஷ்யாம் என்னும் இந்திப் படத்திற்கும் பார்ட்லி ஒளிப்பதிவு செய்தார். இரு உருவங்களில் திலீப்குமார் தோன்றும் இப்படத்தில், இருமுறைப் பதிவில் அவர் பெற்றிருந்த தேர்ச்சி நன்கு பயன்பட்டது. ஜி.எஸ். மணி இயக்கத்தில் 1969இல் வெளியான சாந்தி நிலையம் என்னும் தமிழ்ப்படம் அவருக்கு நாட்டளவிலான அறிந்தேற்பைத் தந்தது. வண்ண ஒளிப்பதிவுக்கான தேசியத் திரைப்பட விருது இப்படத்திற்காக அவருக்கு வழங்கப்பட்டது. கறுப்பு வெள்ளையில் நிலவை ஆக்கியவர் வண்ணத்திலும் தம் தேர்ச்சியை நிலைநாட்டினார். கருவியும் சுருளும் மாறியபோது பழையதைப் பற்றி நில்லாமல் புதியதைக் கற்றுத் தேர்ந்தமை, எத்துறையிலும் இருப்போர் எண்ணிப் பார்க்கத்தக்கது.

காணாத முகம்

மார்கஸ் பார்ட்லி 1993ஆம் ஆண்டு மறைந்தார். அவர் விளக்குகளை ஏற்றிய வடபழனித் தளங்கள் ஒரு காலத்தில் ஆசியாவின் பெரிய படப்பிடிப்பு வளாகம் எனப் பெயர் பெற்றவை. இன்று அவ்விடத்தில் மருத்துவமனையும் வணிக வளாகமும் நிற்கின்றன. அன்றைய தென்னிந்தியப் படங்கள் பலவற்றின் மூலச்சுருள்கள் வெப்பத்தாலும் கவனக்குறைவாலும் அழிந்துபோயின. அழியாது எஞ்சியவற்றுள் பார்ட்லியின் ஒளி இன்றும் உயிரோடு உள்ளது. மாயா பஜாரின் பாடல் எங்கேனும் ஒலிக்கும்போது சாவித்திரியின் பெயரும் ஜெமினி கணேசனின் பெயரும் நினைவுக்கு வருகின்றன. நிலவை ஆக்கியவரின் பெயர் பலருக்குத் தெரிவதில்லை. படத்தின் தொடக்கத்தில் சில நொடிகள் தோன்றி மறையும் எழுத்துகளில் மட்டும் அப்பெயர் இருக்கிறது. அவ்வெழுத்துகளை நின்று படிப்பது உழைப்புக்குச் செலுத்தும் சிறு மரியாதையாகும்.

இரவில் கடலினின்று கரை திரும்பும் மீனவர் லைட்ஹவுஸ் குப்பத்தின் ஒளியைக் கண்டு திசை அறிகின்றனர். விளக்கைத் துடைத்து ஏற்றி வைத்தவர் யார் என்பதை அவர்கள் அறிவதில்லை. அவர் ஏற்றிய ஒளியால் கரை தெரிகிறது, வீடு தெரிகிறது, காத்திருப்போர் முகம் தெரிகிறது. மார்கஸ் பார்ட்லி ஆற்றிய பணியும் அத்தகையதே.